சிவப்பின் பெயர் லாசோன்

தீபாவளிக்கு இன்னும் இரண்டு நாள் இருக்கிறது. நேற்றுச் சாயங்காலம் பக்கத்து வீட்டில் மிக்ஸியில் மருதாணி அரைத்தார்கள். எட்டிப் பார்க்காமலே எனக்குத் தெரிந்துவிட்டது. மிளகாய் அரைத்தால் மிக்ஸி ஒரு மாதிரி கத்தும், ஈர இலை அரைத்தால் மூச்சு வாங்குவது போல இழுக்கும். பூதலூர்க் கடைத்தெருவில் காலமெல்லாம் மோட்டாருக்குச் செப்புக் கம்பியில் காயில் கட்டிக்கொண்டிருக்கிறவன் காது அப்படித்தான் இருக்கும். சத்தம் நின்று கொஞ்ச நேரத்தில் வாசனை வந்தது. பச்சை இலை, எலுமிச்சம்பழம், அடியில் கொஞ்சம் ஈரமண். மூன்றும் கலந்த அந்த வாசனை உங்களுக்கும் தெரியும். சமையல் செய்துகொண்டிருந்த என் மனைவி தனம் எழுந்து வந்து அந்தப் பக்கத்து ஜன்னலைச் சாத்தினாள். கோபமாகச் சாத்தவில்லை. சாரல் அடித்தால் சாத்துவோமே, அது போல.

சற்றுப் பொறுத்து அந்த வீட்டுக் குழந்தை யாழினி வந்தாள். ஐந்தாவது படிக்கிறாள். இரண்டு கையிலும் பச்சைக் குழம்பை அப்பிக்கொண்டு, கதவை முழங்கையால் தட்டினாள்.

"பெரியம்மா, நீங்க வச்சுக்கலையா? கிண்ணத்துல மிச்சம் இருக்கு."

"வேணாம்டா கண்ணு. உனக்கு நல்லா செவக்கட்டும், போ."

அவள் போகவில்லை. என் பக்கம் திரும்பி, "பெரியப்பா, எலை பச்சையாத்தான இருக்கு, கை மட்டும் எப்படி செவக்குது?" என்று கேட்டாள். நான் எதையோ தேடுகிறவன் போல ஸ்க்ரூ டிரைவர்ப் பெட்டிக்குள் தலையை விட்டுக்கொண்டேன். பதில் தெரியாமல் இல்லை. தனம் பக்கத்தில் இருந்தாள், அதனால் சொல்லவில்லை. இப்போது எழுதுகிறேன். யாழினிக்கு மட்டுமில்லை, அவளைப் போல இதைக் கேட்கிற எல்லாப் பிள்ளைகளுக்கும்.

அந்தச் சிவப்புக்கு ஒரு பெயர் இருக்கிறது. லாசோன். உங்கள் பாடப் புத்தகத்தில் அநேகமாக இருக்காது. நான் பத்தாவது வரை படித்தவன், அதிலும் வேதியியல் மணி அடித்தால் எனக்குத் தூக்கம் வரும். முதல் தடவை இந்தச் சொல்லைக் கேட்டபோது ஏதோ வெளிநாட்டுக் கிரிக்கெட் ஆட்டக்காரர் பெயர் என்று நினைத்தேன். சொல்லிக்கொடுத்தவள் என் மகள் கலைச்செல்வி. அவள் வேதியியல் படித்தவள். அவள் சொன்னதை எனக்குப் புரிந்த அளவில் சொல்கிறேன்.

மருதாணி இலைக்குள் இந்தச் சாயம் சர்க்கரையோடு சேர்த்துக் கட்டிப்போட்ட மாதிரி இருக்குமாம். அதனால்தான் இலையைச் சும்மா தொட்டால் கை சிவப்பதில்லை. கசக்கி, அரைத்து, கொஞ்சம் புளிப்பும் தண்ணீரும் சேர்த்தால் அந்தக் கட்டு அவிழும். அவிழ்ந்து வெளியே வருவதுதான் லாசோன். வந்ததும் அது நம் தோலில், நகத்தில், முடியில் இருக்கிற புரதத்தைப் போய்ப் பிடித்துக்கொள்ளும். மேலே பூசிய வண்ணம் போல உட்கார்ந்திருக்காது, அதோடேயே சேர்ந்துவிடும். மோட்டார்க் காயிலை வார்னிஷில் முக்கிக் காயவைத்தால் கம்பியும் வார்னிஷும் ஒன்றாகிவிடும். பிறகு கம்பியை அறுத்துத்தான் எடுக்க வேண்டும். அந்த மாதிரி. சோப்புப் போட்டாலும் லாசோன் போகாது. தோல் தானாக உதிரும்போது அதோடு போகும். நகத்தில் பிடித்தது, நகம் வளர்ந்து வளர்ந்து நுனிக்கு வந்து, வெட்டிப் போடுகிற வரைக்கும் இருக்கும். இதை மட்டும் மறந்துவிடாதீர்கள். கடைசியில் வேண்டியிருக்கும்.

அதற்கு ஒரு முழுப்பெயரும் உண்டு. டூ ஹைட்ராக்ஸி ஒன் ஃபோர் நாப்தோகுவினோன். மூச்சு விடாமல் மூன்று தடவை சொல்கிறவர்களுக்கு என் கடையில் கடலைமிட்டாய் தருகிறேன். நான் இன்னும் ஒரு தடவைகூடச் சரியாகச் சொன்னதில்லை. இந்தச் சொல்லை எங்கே பயன்படுத்துகிறார்கள் என்றால், மருதாணிப் பொடி வாங்கி விற்கிற பெரிய வியாபாரிகள் அதில் லாசோன் எவ்வளவு என்று சோதித்துத்தான் நல்ல சரக்கா, சொத்தைச் சரக்கா என்று சொல்வார்களாம். தலைமுடிச் சாயப் பாக்கெட்டின் பின்பக்கம், யாரும் படிக்காத பொடி எழுத்தில் சில சமயம் இருக்கும். மருத்துவர்களும் பயன்படுத்துகிறார்கள். அதைப் பிறகு சொல்கிறேன்.

மருதாணிச் செடிக்கு விஞ்ஞானிகள் வைத்த பெயர் லாசோனியா இனெர்மிஸ். அந்த லாசோனியாவிலிருந்துதான் லாசோன் வந்தது. இனெர்மிஸ் என்றால் ஆயுதம் இல்லாதது, அதாவது முள் இல்லாதது என்று அர்த்தமாம். பெயர் வைத்தவர் இளஞ்செடியை மட்டும் பார்த்திருப்பார். எங்கள் ஊர் மதகடியில் இருந்த செடி முற்றிப்போய், கிளை நுனியெல்லாம் முள்ளாகத்தான் இருக்கும். இலை பறிக்கப் போன பெண்கள் முழங்கைவரை கீறலோடு வருவார்கள்.

அந்தச் செடி யாருக்கும் சொந்தமில்லை. அதனால் எல்லாருக்கும் சொந்தம். மேட்டூரைத் திறந்துவிட்டார்கள் என்று ரேடியோவில் சொன்னதும் ஆண்கள் மண்வெட்டியைத் தேடுவார்கள், பெண்கள் மருதாணிச் செடிக்குப் போவார்கள். தண்ணீர் கல்லணையைத் தாண்டி, பெரிய கால்வாயில் இறங்கி, எங்கள் சின்ன வாய்க்காலுக்கு வந்துசேரச் சில நாள் ஆகும். அந்தத் தண்ணீர் வழியில் இருக்கும்போதே மருதாணி வைத்துவிட வேண்டும் என்பது எங்கள் ஊர் நடவுப் பெண்களின் கணக்கு. தண்ணீர் வந்துவிட்டால் நாற்றங்கால், நடவு என்று வரிசையாக வேலை வந்துவிடும், காலைக் காயவைக்க நேரம் இருக்காது. அவர்கள் கைக்கு வைப்பது கொஞ்சம்தான். காலுக்குத்தான் அப்பிக்கொள்வார்கள். விரல் இடுக்கில், நகத்தைச் சுற்றி, குதிகாலில். நாள் முழுக்கச் சேற்றில் நின்றால் விரல் இடுக்கு வெந்து சேற்றுப்புண் வரும். மருதாணி பிடித்த தோல் சீக்கிரம் வேகாது. அழகும் உண்டு, ஆனால் முதலில் அது அவர்களுக்குச் செருப்பு மாதிரி.

தனத்தை நான் முதலில் கவனித்ததே அந்தக் காலால்தான். கடையில் வேலைக்குச் சேர்ந்த புதிது. வாய்க்காலில் தண்ணீர் இழுத்துக்கொண்டுவிட்டது, நடவு பாதியில் நிற்கிறது, போர் மோட்டார் ஓடவில்லை என்று ஆள் வந்து கூட்டிப்போனார்கள். மோட்டார் கொட்டகை வரப்போரம் இருந்தது. வயலில் பெண்கள் வரிசையாகக் குனிந்து நட்டுக்கொண்டிருந்தார்கள். நான் மூடியைக் கழற்றினேன். எந்தத் திருகாணியை எங்கே வைத்தேன் என்று தெரியவில்லை. வரிசையிலிருந்து ஒரு குரல் வந்தது.

"ஏந்தம்பி, மோட்டாரு அந்தப் பக்கம் இருக்கு. நீ எங்க பாக்குற?"

"அதுக்கும் காயில் போயிருச்சு போலடி" என்றது இன்னொரு குரல். வயலே சிரித்தது.

எப்படியோ மோட்டார் ஓடியது. தண்ணீர் தொட்டியில் விழுந்ததும் கால் கழுவ ஒரு பெண் வந்தாள். முழங்கால் வரை சேறு. தண்ணீரில் காலை நீட்டினாள். சேறு கரைந்து ஓடியது, அதற்கு அடியில் இருந்த சிவப்பு ஓடவில்லை. நான் பார்த்துக்கொண்டே நின்றேன். "மோட்டாரு ஓடுதுல்ல, கெளம்புங்க" என்றாள் தனம். அடுத்த தையில் எங்களுக்குக் கல்யாணம்.

கல்யாணமான பிறகு அந்தச் சிவப்பு எனக்கும் வந்தது. வார்னிஷும் தின்னரும் பட்டு என் விரல் நுனியெல்லாம் வெடித்திருக்கும். தனம் அதில் மருதாணியை வைத்து, கந்தல் துணியைச் சுற்றிவிட்டாள். மறுநாள் கடையில் என் விரல்களைப் பார்த்து, "அண்ணே, பொண்ணு பாக்க எத்தன மணிக்கு வர்றாங்க?" என்று ஒரு வாரம் ஓட்டினார்கள். நான் கையைப் பைக்குள் வைத்துக்கொண்டே வேலை பார்க்க முயன்று, ஒரு கம்பிச் சுற்றைத் தலைகீழாகச் சுற்றி, முதலாளியிடம் வாங்கிக்கட்டிக்கொண்டேன். ஆனால் வெடிப்பு ஆறிவிட்டது. மருதாணி எங்கள் வீட்டில் நல்லதைத் தவிர வேறு எதையும் செய்ததில்லை. நாங்கள் அப்படித்தான் நினைத்திருந்தோம்.

இனி எழுதப்போவது கொஞ்சம் கஷ்டமானது. மெதுவாகப் படியுங்கள்.

எங்களுக்கு முதலில் ஒரு பையன் பிறந்தான். கலைச்செல்விக்கு மூத்தவன். வைகாசிக் கடைசியில் பிறந்தான். பிறந்தபோது கொஞ்சம் மஞ்சளாக இருந்து, பிறகு தெளிந்துவிட்டான். பெயர் வைக்கவில்லை. முப்பதாம் நாள் சொந்தக்காரர்களைக் கூப்பிட்டுத் தொட்டில் போட்டுப் பெயர் வைப்பதாக இருந்தோம். அதுவரை தம்பி என்றுதான் கூப்பிட்டோம். தனம் கூப்பிட்டால் மட்டும் திரும்பிப் பார்க்கிற மாதிரி இருக்கும். "ஒங்கள அவனுக்கு இன்னும் தெரியல, வார்னிஷ் நாத்தம்" என்பாள்.

அந்த வருடம் தனம் நடவுக்குப் போகவில்லை. தண்ணீர் வழியில் இருந்தபோது அவளோடு நடவு நடுகிற பெண்கள் மருதாணி அரைத்து ஒரு கிண்ணத்தில் கொண்டுவந்து, நீ வீட்டில் இருந்தாலும் எங்களில் ஒருத்திதான் என்பது போல அவள் காலுக்கும் கைக்கும் வைத்துவிட்டார்கள். கிண்ணத்தில் மிச்சம் இருந்தது.

"புள்ளைக்கும் கொஞ்சம் வையி தனம். நாளைக்கு முப்பது. குளுர்ச்சிதான்."

தனம் அவனை மடியில் போட்டு, இரண்டு உள்ளங்காலிலும் அழுந்த வைத்தாள். உள்ளங்கையில் ஒரு பொட்டு. அவன் வாயில் கை போகாமல் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். காய்ந்ததும் துடைத்தாள். அடடா, அவன் பாதம். செங்காந்தள் இதழ் பார்த்திருக்கிறீர்களா, அந்த நிறம். நானே வேலையை விட்டுவிட்டு உட்கார்ந்து பார்த்தேன்.

மறுநாள் முப்பது. வீடு நிறைய ஆட்கள். தொட்டில் துணி வெள்ளை. மத்தியானம் அதில் கருஞ்சிவப்பாகக் கறை இருந்தது. தனம் பார்த்தாள், நான் பார்த்தேன், வந்திருந்தவர்களும் பார்த்தார்கள். "என்னடி, மருதாணி காயறதுக்குள்ள தொட்டில்ல போட்டுட்டியா?" என்று யாரோ சொல்ல, எல்லாரும் சிரித்தார்கள். தனமும் சிரித்தாள். துணியை அலசிப் போட்டு வேறு துணி மாற்றினாள். திரும்பவும் கறை. திரும்பவும் அலசினாள். சாயங்காலம் அவன் பால் குடிக்க மறுத்தான். உதடு வெளுத்திருந்தது. கூட்டத்தில் கண் பட்டிருக்கும் என்று சுற்றிப் போட்டார்கள்.

விடிந்ததும் தஞ்சாவூருக்குக் கொண்டுபோனோம். மருத்துவர் அவன் கண் இமையை இறக்கிப் பார்த்தார். "உள்ளுக்கு ஏதாச்சும் மருந்து குடுத்தீங்களா? நாட்டு மருந்து, அந்துருண்டை போட்டு வச்ச துணி, அந்த மாதிரி ஏதாச்சும்?" என்று கேட்டார். "ஒண்ணும் குடுக்கலைங்க" என்றோம். உண்மையைத்தான் சொன்னோம். மருதாணியை யாராவது மருந்து என்பார்களா? குழந்தையின் சிவந்த பாதம் எங்கள் பக்கம் கன்னத்துப் பொட்டு போல. அதைப் பார்த்து யாரும் எதையும் கேட்க மாட்டார்கள். ரத்தம் உடைந்துகொண்டே போகிறது, ஏனென்று பிடிபடவில்லை என்றார். வேறு ரத்தம் ஏற்றினார்கள். அவர்களும் விடாமல் பாடுபட்டார்கள். தம்பி மறுநாள் போய்விட்டான்.

வாய்க்கால் கரையில் அவனை வைத்தோம். சேலைத் துண்டில் சுற்றியிருந்தது. தனம் காலடித் துணியை மட்டும் விலக்கிப் பார்த்தாள். இரண்டு பாதமும் அப்போதும் சிவந்தே இருந்தன. லாசோன் போகாது என்று சொன்னேன் அல்லவா.

அதற்குப் பிறகு வெகுகாலம் தனம் அவனைப் பற்றிச் சொன்னதெல்லாம் ஒரே வாக்கியம்தான். "பாதம் செவந்து, அழகாப் போனான்." அவனுக்குச் சட்டை தைக்கவில்லை, பெயர் வைக்கவில்லை, சோறு ஊட்டவில்லை. அவனுக்கென்று அவள் செய்துபார்த்த ஒரே அலங்காரம் அந்த மருதாணி. அதைப் பிடித்துக்கொண்டுதான் அவள் எழுந்து நடமாடினாள். ஒவ்வொரு வருடமும் தண்ணீர் திறந்ததும் மருதாணி அரைப்பாள். கலை பிறந்து வளர்ந்த பிறகு அவளுக்கு வைப்பாள், எனக்கு விரல் நுனியில் வைப்பாள், தன் காலுக்கு வைப்பாள். கடைசியில் கிண்ணத்தை வழித்து, தன் இடது மணிக்கட்டில் ஒரே ஒரு பொட்டு வைப்பாள். தம்பிக்கு. கலை அதற்கு 'அண்ணன் பொட்டு' என்று பெயர் வைத்திருந்தாள். அண்ணன் ஒருவன் இருந்து போனான் என்று அவளுக்குத் தெரியும். எப்படிப் போனான் என்று எங்களுக்கே தெரியாதபோது அவளுக்கு என்ன சொல்லியிருப்போம்?

இந்த ஆனியில் கலைக்குத் தஞ்சாவூரில் ஆண் குழந்தை பிறந்தது. இப்போதெல்லாம் பிறந்த குழந்தையின் குதிகாலில் சொட்டு ரத்தம் எடுத்துப் பலதையும் சோதித்துவிடுகிறார்கள். எங்களில் ஒருவர் போலப் பக்கத்தில் உட்கார்ந்து, பெண் மருத்துவர் ஒருவர் முடிவைச் சொன்னார். நம் ரத்தத்தில் இருக்கிற சிவப்பணுக்களைக் காவல் காக்க ஒரு பொருள் இருக்கிறதாம். ஜி சிக்ஸ் பி டி என்று சுருக்கமாகச் சொல்கிறார்கள். சில குழந்தைகளுக்கு அது குறைவாக இருக்கும். கண்ணின் நிறம் போலப் பிறப்பிலேயே வருவது, பையன்களுக்கு அம்மா வழியாக வரும், யார் செய்த தப்பும் இல்லை.

"பயப்படறதுக்கு ஒண்ணுமில்லைங்க. பையன் நல்லா இருக்கான். சில மாத்திரை மட்டும் கூடாது, எழுதித் தர்றேன். அந்துருண்டை வீட்டுலயே வேணாம். அப்புறம், மருதாணி வச்சுடாதீங்க."

அவர் போனதும் தனம் சிரித்தாள். அவள் ஒயர்க் கூடையில் ஈரத்துணி சுற்றிய மருதாணி இலை இருந்தது. "மருதாணில என்னடி இருக்கு? டாக்டரம்மா வெளையாடுறாங்க."

கலை குழந்தைக்குப் பால் கொடுத்துக்கொண்டே சொன்னாள். படித்ததைச் சொல்கிற சந்தோஷத்தில் சொன்னாள். "இல்லம்மா, அதுல லாசோன்னு ஒரு சாயம் இருக்கு. நமக்கெல்லாம் மேல் தோலோட நின்னுரும். பச்சப்புள்ளைக்குத் தோல் மெல்லிசு, உள்ள போயிரும். இவன மாதிரி காவல் கொறைஞ்ச புள்ளைன்னா ரத்தத்த ஒடைச்சிரும். ஒடம்பு வெளுத்து, ஒண்ணுக்குக் கருஞ்செவப்பா போவும்."

தனம் தலையைத் தூக்கினாள். "துணில பட்டா தெரியுமா?"

"நல்லாத் தெரியும்மா. செவப்பாக் கறை புடிச்சிருக்கும்."

நான் தனத்தைப் பார்க்கவில்லை. ஜன்னல் கம்பியைப் பார்த்தேன். அவள் எழுந்து, ஒயர்க் கூடையை எடுத்துக்கொண்டு வெளியே போனாள். குழாயில் தண்ணீர் விழுகிற சத்தம் வெகுநேரம் கேட்டது. கை கழுவிக்கொண்டிருந்தாள். அந்த மாதம் வைத்த மருதாணி அவள் கையில் கனிந்திருந்தது. "அம்மாவுக்கு என்னாச்சுப்பா?" என்றாள் கலை. "வெயில்" என்றேன்.

ஊருக்குப் பாசஞ்சர் ரயிலில் திரும்பினோம். பெட்டியில் கூட்டமில்லை. தஞ்சாவூர் தாண்டியதும் தனம் கேட்டாள்.

"ஏங்க, நம்ம தம்பிக்கும் அதானா?"

"சேச்சே. அது வேற தனம். அன்னிக்கு ஊர்ல காய்ச்சல் இருந்துச்சுல்ல." நான் எதையோ சொன்னேன். காய்ச்சல் எதுவும் இருக்கவில்லை.

அவள் வயலைப் பார்த்தாள். ஒரு இயந்திரம் தனியாக நட்டுக்கொண்டு போனது.

"ஒரு மோட்டாரு எரிஞ்சு வந்தா, ஏன் எரிஞ்சுச்சுன்னு கழட்டிப் பாக்காம காயில் கட்டுவீங்களா?"

கட்ட மாட்டேன். காரணம் தெரியாமல் புதுக் காயில் கட்டினால் அதுவும் எரியும் என்று கடைப் பையன்களிடம் தினமும் சொல்கிறவன் நான்.

"சொல்லுங்க. எனக்குத் தெரியணும்."

அவளுக்கு இருந்த ஒன்றே ஒன்றை நான் என் வாயால் எடுக்க வேண்டும். ஆலக்குடி ஸ்டேஷன் வந்தது, ரயில் நின்று, கிளம்பியது.

"ஆமா" என்றேன். "அதாத்தான் இருக்கும் தனம். நமக்குத் தெரியாது. அன்னிக்கு டாக்டருக்கே தெரியல."

அவள் அழுவாள் என்று நினைத்தேன். மணிக்கட்டைத் திருப்பி அந்தப் பொட்டைப் பார்த்தாள். "செவந்து அழகாப் போனான்னு நெனச்சேன்" என்றாள். "நான்தான் ரெண்டு தடவ துணிய அலசிப் போட்டேன்." அவ்வளவுதான். பூதலூர் வரை அந்தப் பொட்டின் மேல் மற்ற கையை வைத்து மூடிக்கொண்டே வந்தாள்.

கலையிடம் சொல்ல வேண்டாம், தன் வாயால் வந்தது என்று மனசு உடைந்துபோவாள் என்றாள் தனம் முதலில். பிறகு ஒரு நாள் அவளே போனில் சொல்லிவிட்டாள். "ஒம் புள்ளைய யாராச்சும் ஆசையா தூக்கிட்டுப் போய் மருதாணி வச்சுரப் போறாங்க. ஏன்னு தெரிஞ்சாத்தான் நீ காவலா இருப்பே" என்று காரணமும் சொன்னாள். அந்தப் பக்கம் கலை அழுதது எனக்கே கேட்டது. தனம்தான் தேற்றினாள். இதை எழுதட்டுமா என்று கேட்டபோதும் அவள், "எழுதுங்க. புள்ளைங்க படிச்சா வீட்டுல சொல்லும்" என்றாள்.

அதனால் சொல்கிறேன், வீட்டில் சொல்லுங்கள். மருதாணி கெட்டது இல்லை. உங்களில் அநேகம் பேர் கைக்கு அது ஒன்றும் செய்யாது. ஆனால் தம்பிப் பாப்பாவுக்கும் தங்கச்சிப் பாப்பாவுக்கும் வைக்க வேண்டாம். இந்தக் குறை இருக்கிறவர்கள் எந்த வயதிலும் வைக்க வேண்டாம். குழந்தையின் துணியில் சிவப்பாகக் கறை பார்த்தால் சிரிக்காதீர்கள், அலசாதீர்கள், துணியோடு குழந்தையைத் தூக்கிக்கொண்டு மருத்துவரிடம் ஓடச் சொல்லுங்கள்.

மதகடிச் செடி இப்போது இல்லை. வாய்க்காலுக்கு சிமெண்ட் போட்டபோது வேரோடு எடுத்துவிட்டார்கள். அதிலிருந்து ஒரு கிளையை முன்பே தனம் கொல்லையில் நட்டுவைத்திருந்தாள், அது மட்டும் இருக்கிறது. நான் அதை வெட்டிவிடலாமா என்று அரிவாளோடு போய் நின்றேன். "செடி என்ன பண்ணும்? விடுங்க" என்றாள். இப்போது அது யாரும் பறிக்காமல், உயரமாகப் பூத்து நிற்கிறது. நடவுக்கு இயந்திரம் வந்துவிட்டது. தண்ணீர் வழியில் இருக்கிற நாளில் இலை கேட்டுக் கதவைத் தட்ட யாரும் இல்லை. என் விரல் நுனி திரும்பவும் வெடித்துக்கிடக்கிறது.

மணிக்கட்டுப் பொட்டு ஆடிக்குள் உதிர்ந்துவிட்டது. நகத்தில் இருந்தது மட்டும் நின்றது. நான் தினமும் பார்த்துக்கொண்டிருந்தேன். ஆவணியில் பாதி நகத்தில் இருந்தது, புரட்டாசியில் நுனியை நோக்கிப் போய்விட்டது. இன்று காலை தனம் வாசலில் உட்கார்ந்து நகம் வெட்டினாள். கட்டைவிரல் நுனியில் ஒரு கீற்றுதான் மிச்சம். அதையும் வெட்டினாள். துண்டு கோலத்துக்குப் பக்கத்தில் விழுந்தது. குனிந்து, விரலால் தடவித் தேடி எடுத்து உள்ளங்கையில் வைத்துக்கொண்டு, எங்கே போடுவதென்று தெரியாமல் உட்கார்ந்திருந்தாள்.

அப்போதுதான் யாழினி ஓடிவந்தாள். இரவெல்லாம் வைத்திருந்து இப்போதுதான் கழுவியிருந்தாள்.

"பெரியம்மா, செவந்துருக்கு பாருங்க."

தனம் அந்தத் துண்டை முந்தானையில் முடிந்துகொண்டு, குழந்தையின் இரண்டு கையையும் தன் கையில் ஏந்தி வாங்கினாள். முகத்தருகே கொண்டுபோய் வாசனை பார்த்தாள். "நல்லா செவந்துருக்குடா கண்ணு" என்றாள். யாழினி பெருமையோடு விரல்களை விரித்துக் காட்டினாள். அந்தச் சின்னச் சிவந்த கைகளுக்கு அடியில் தனத்தின் கைகள் இருந்தன. அவற்றில் ஒரு பொட்டுகூட இல்லை.